அண்ணன் சட்டையில் என் ரத்தம்

வடகரப்பதியில் என் தென்னந்தோப்புக்கும் பெரியப்பா மகன் ஆறுமுகண்ணன் தோப்புக்கும் நடுவில் இருந்த வரப்பை அவர் வெட்டித் தன் பக்கம் சேர்த்துக்கொண்டார். நான் மூன்று தடவை ஸ்டேஷனுக்குப் போனேன்.

"இது சிவில், கோர்ட்டுக்குப் போங்க. ரத்தம் வந்தா இங்க வாங்க" என்று சிரித்தார் ஒரு போலீஸ்காரர்.

அந்தப் பேச்சு மண்டைக்குள் ஏறிவிட்டது. மறுநாள் காலை வரப்பு இருந்த இடத்தில் அண்ணனை மறித்தேன்.

"வெட்டுங்ணா! தைரியமிருந்தா வெட்டுங்க!"

மட்டை வெட்டிக்கொண்டிருந்த அருவாளை ஓங்கியவர், என்ன நினைத்தாரோ, அதைக் கீழே எறிந்துவிட்டுத் திரும்பி நடந்தார். எனக்கு வெறி தலைக்கேறியது. அதே அருவாளை எடுத்து என் நெற்றியில் நானே வெட்டிக்கொண்டேன்.

என் அலறல் கேட்டுத் திரும்பி ஓடிவந்த அண்ணன், தலையைத் துண்டால் இறுக்கிக் கட்டி, என்னைத் தோளில் போட்டுக்கொண்டு ரோடு வரைக்கும் ஓடினார்.

"கண்ண மூடிறாத சாமி! அந்த வரப்ப நீயே வெச்சுக்கடா!"

ஆஸ்பத்திரியில் தையல் போட்டதும் போலீஸ் வந்து, வெட்டியது யார் என்று கேட்டது. என் ரத்தம் ஊறிய சட்டையோடு வாசலில் நின்றவரைக் கை காட்டினேன். அண்ணன் என்னைப் பார்த்தார்.

கொலை முயற்சி என்று கேஸ் போட்டார்கள். அந்தச் சட்டைதான் முக்கியமான தடயம்.

அடுத்த வாரம் கோர்ட்டில் அதைக் காட்டி, யாருடையது என்று என்னைக் கேட்பார்கள். என்னைத் தூக்கிக்கொண்டு ஓடியவருடையது என்று சொல்லப் போகிறேன்.