குதிரை மிரண்ட பிறகும் ஊர் காட்டியவர்

யாங்கூனிலிருந்து பக்கத்து ஊரான த்வாண்டேக்கு நானும் மனைவியும் அரைநாள் சுற்றுலா போனோம்; அங்கே குதிரைவண்டியில்தான் ஊர் சுற்றினோம். வழிகாட்டி, கட்டம்போட்ட லுங்கி கட்டிய ஒல்லியான பர்மாத் தமிழர். எதைக் காட்டினாலும் முதலில் தொப்பியைக் கழற்றிவிடுவார்.

பானைச் சூளையருகே ஒரு லாரி ஹாரன் அடித்ததும், எங்கள் வண்டிக்குதிரை மிரண்டு தலைதெறிக்க ஓடியது. வண்டிக்காரர் கடிவாளத்தோடு மல்லுக்கட்டினார். என் மனைவி என் சட்டையைக் கிழிக்காத குறை. வழிகாட்டியோ தொப்பியைக் கழற்றி, "இடப்பக்கம் பாருங்க, பயா, புத்தர் கோயில்! வலப்பக்கம் வாய்க்கால்!" என்று கத்தினார். பயத்தை மீறி எங்களுக்குச் சிரிப்பு பீறிட்டது. ஒரு வைக்கோற்போரில் முட்டித்தான் வண்டி நின்றது.

"உங்களுக்குப் பயமே இல்லையாண்ணே?" என்றேன்.

"உசிரே போயிருச்சுங்க. அதுக்காகப் பயாவைக் காட்டாம விடலாமா?"

சொன்னவர் தொப்பியை முன்பின் மாற்றி மாட்டிக்கொண்டார். எப்படிப்பட்ட மனிதர் அவர்? இன்றும் பிடிபடவில்லை. நினைத்தால் பேருந்திலும் தனியாகச் சிரித்துவிடுகிறேன்.