மீ லா பீ என்று தெரு கத்தியபோது

எங்கள் தெருவில் அமைதி என்று ஒன்று கிடையாது. கரண்ட் இல்லாதபோது ஜெனரேட்டர்கள் உறுமும். கரண்ட் வந்ததும் ஜெனரேட்டர்கள் அடங்கி, தண்ணீர் ஏற்றும் மோட்டார்கள் அலறும். இரண்டுக்கும் நடுவே ஒரு மூச்சு விடுகிற இடைவெளி உண்டு. அதையும் நாங்கள் கத்தியே தீர்த்துவிடுவோம். "மீ லா பீ!" கரண்ட் வந்துவிட்டது! எல்லா மாடியிலிருந்தும், பர்மியர், தமிழர், இந்து, முஸ்லிம், பாத்திரம் கழுவுகிறவர், பல் துலக்குகிறவர், எல்லோர் வாயிலிருந்தும் ஒரே நேரத்தில். ஒரே நாளில் எத்தனை தடவை போய் எத்தனை தடவை வந்தாலும், வருகிற ஒவ்வொரு தடவையும் முதல் தடவைதான். நான் ரங்கூனில், பபேடான் பகுதியில் பல்பும் பாட்டரியும் விற்கிறவன். கரண்ட் வந்தால் என் வியாபாரம் படுத்துவிடும். நானும் கத்துவேன்.

இந்தத் தெருவுக்குத்தான் கனடாவிலிருந்து என் தங்கை வந்து சேர்ந்தாள்.

தங்கை என்றால் சித்தி மகள். எட்டு வயதில் இங்கிருந்து டொரண்டோவுக்குப் போனவள், இப்போது நாற்பதைத் தாண்டிவிட்டாள். அவளுடைய தமிழ் மட்டும் போன வயதிலேயே நின்றுவிட்டது. அண்ணன் என்று சொல்லத் தெரியாது, பர்மிய வழக்கில் "கோகோ" என்பாள். "கோகோ, பசிக்குது", "கோகோ, காக்கா பாரு." கண்ணோரத்தில் சுருக்கம் விழுந்த ஒருத்தியின் வாயிலிருந்து எட்டு வயதுக் குழந்தை பேசும். கேட்டுக்கொண்டிருக்கும்போது சில நேரம் என்னால் உட்கார முடியாது, எழுந்து பால்கனிக்குப் போய்விடுவேன்.

அவளுடைய தொழில் மேடையில் பாடி, ஆடி, நடிப்பது. ம்யூசிக்கல் என்று பெயர். என் கடைக்கு எதிரே டீக்கடை வைத்திருக்கும் பாய்க்கு இதை விளக்க நான் பட்ட பாடு.

"கூத்து மாதிரியா தம்பி?"

"அதேதான் பாய். ஆனா ஏசி, டிக்கெட்டு, மெத்தை வச்ச நாற்காலி."

"நாற்காலி இருந்தா அது கூத்து இல்ல. மீட்டிங்."

பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவள் கண்ணில் நீர் வரச் சிரித்தாள். டொரண்டோவில் சித்தி ஆஸ்பத்திரியில் தரை துடைத்த காலத்தையும், பள்ளிக்கூட நாடகத்தில் மரமாக நின்ற தன்னை ஒரு டீச்சர் பாடச் சொன்னதையும், பனியில் பஸ்ஸில் ஊர் ஊராகப் போய் ஒரே நாடகத்தை ஆடியதையும், கப்பலில் பயணிகளுக்காகப் பாடியபோது மேடையே சாய்ந்ததையும், சம்சா பிய்த்துத் தின்றுகொண்டே பாய்க்குச் சொன்னாள். "அதுல நீ யாரு? ராணியா, தோழியா?" என்றார் பாய். இரண்டும் இல்லை என்றாள்.

அவள் பெரும்பாலும் "ஸ்விங்". அதாவது அவளுக்கென்று ஒரு வேடம் இல்லை. மேடையில் இருக்கிற ஏழெட்டுப் பெண்களின் பாட்டும் ஆட்டமும் காலடியும் அவளுக்கு மனப்பாடமாக இருக்கவேண்டும். ஒருத்திக்குக் காய்ச்சல் வந்தால் இன்று இவள் அவள். இன்னொருத்திக்குக் கால் சுளுக்கினால் இடைவேளைக்குப் பிறகு இவள் அந்த இன்னொருத்தி. யாருக்கும் ஒன்றும் ஆகாத நாளில் மேடைக்குப் பின்னால், திரைக்குப் பக்கத்தில், எல்லோருடைய பாட்டையும் உதட்டுக்குள் பாடிக்கொண்டு நிற்பாள். மேடையில் என்ன நடந்தாலும், செட் சரிந்தாலும், எதிரே இருப்பவருக்கு வசனம் மறந்தாலும், நிற்கக் கூடாது. அதுதான் ஸ்விங்கின் ஒரே சட்டம்.

பாய் டீயை ஆற்றிக்கொண்டே கேட்டுவிட்டு, "புரிஞ்சுருச்சு. நீ இன்வெர்ட்டர்" என்றார். "கரண்ட் போனாத்தான் உன் ஞாபகம் வரும்."

கடை முழுக்கச் சிரித்தது. அவளும் சிரித்தாள். பிறகு கிளாஸின் விளிம்பை விரலால் சுற்றிக்கொண்டே, எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னாள்: "அங்க டிரஸ்ஸுக்குள்ள கழுத்துப் பக்கம் பேர் தைப்பாங்க, கோகோ. யாரு போடுறாங்களோ அவங்க பேரு. என் டிரஸ் எல்லாத்துலயும் முதல்ல வேற ஆளு பேரு இருக்கும். அதுக்குக் கீழ என் பேரு. ஒரே ஒரு டிரஸ்ல என் பேரு மட்டும் இருக்கணும். அவ்வளவுதான்."

அந்த ஒரே ஒரு உடைக்கான வாய்ப்பு அவள் இங்கே இருக்கும்போதே வந்தது. கனடாவில் ஒரு புது நாடகம்: கோதுமை வயல்களின் நடுவே ஒரு ரயில் நிலையம், அதன் ஸ்டேஷன் மாஸ்டர் மனைவி, ஊரைவிட்டுப் போகும் மகன். அந்த அம்மா வேடம். ஒரு காட்சியையும் பாட்டையும் தானே போனில் படம் பிடித்து அனுப்பவேண்டும். அவர்களுடைய காலைக்குள், அதாவது எங்களுடைய மறுநாள் சாயங்காலத்துக்குள். இதுவும் இல்லையென்றால், ஒரு பள்ளிக்கூடத்தில் ஆட்டம் சொல்லிக்கொடுக்கும் வேலை தயாராக இருக்கிறது, போய்ச் சேர்ந்துவிடுவேன் என்றாள். சொல்லும்போது வருத்தமாகச் சொல்லவில்லை. அதனால்தான் எனக்குப் பயமாக இருந்தது.

விடிந்ததும், படம் பிடிக்கச் சத்தமில்லாத இடம் தேடி, டாக்சி பிடித்து அலோனுக்குப் போனோம். துறைமுகப் பக்கம் என் நண்பருடைய கிடங்கு ஒன்று காலியாக இருந்தது. தகரக் கூரை அவள் குரலை வாங்கி ஆறு பேருடைய குரலாகத் திருப்பிக் கொடுத்தது. இரண்டாம் முறை பாடுவதற்குள் மூட்டை தூக்குகிறவர்கள் வாசலில் கூடிவிட்டார்கள். பாட்டின் நடுவே ஒருவர் கை தட்டினார். மற்றவர்கள் அவரைத் திட்டினார்கள். திட்டு கைதட்டலைவிடச் சத்தமாக இருந்தது. அங்கே எடுக்க முடியாது என்று தெரிந்ததும், அவள் அவர்களுக்கு இன்னொரு பாட்டை முழுசாகப் பாடிக் காட்டிவிட்டுத்தான் கிளம்பினாள்.

வீட்டுக்குத் திரும்பியபோது கரண்ட் இல்லை. தெரு முழுக்க ஜெனரேட்டர்.

பாயிடம் போனேன். ஜெனரேட்டரைக் கொஞ்சம் நிறுத்த முடியுமா என்று கேட்டேன்.

"பாட்டு எவ்வளவு நேரம்?"

"காட்சியும் சேத்து நாலு நிமிஷம் பாய்."

"பிரிட்ஜுல பால் இருக்கு தம்பி."

"நாலே நிமிஷம்."

"சும்மா சொன்னேன். நாலு நிமிஷத்துல பால் திரிஞ்சா அது ஏற்கனவே திரிஞ்ச பால்." அவரே எழுந்து போய் போன் கடைக்காரரிடம் பேசினார். போன் கடைக்காரர் பக்கத்துத் துணிக்கடையிடம். எங்கள் மேல்மாடியில் தனியாக இருக்கும் பர்மிய ஆன்ட்டி, நான் கேட்காமலேயே மாடிப்படியில் உட்கார்ந்துகொண்டு, ஏறி இறங்குகிறவர்களை விரலைக் காட்டி நிறுத்தினார். பாய் கீழிருந்து கையை உயர்த்தினார். ஒவ்வொன்றாக ஜெனரேட்டர்கள் இருமி நின்றன.

பிறந்ததிலிருந்து இந்தத் தெருவில் இருக்கிறேன். இது இப்படி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்று நான் பார்த்ததில்லை. புறா சிறகை மடிக்கிற சத்தம் கேட்டது. எண்ணெய்ச் சட்டியில் ஏதோ பொரிகிற சத்தம் கேட்டது, அதுவும் வெட்கப்பட்டு அடங்கியது. ஒரு பாட்டுக்காக, அதுவும் தங்களுக்குப் புரியாத மொழிப் பாட்டுக்காக, வியாபார நேரத்தில் ஒரு தெரு இருட்டுக் கடைகளுக்குள் உட்கார்ந்திருந்தது.

என் பாட்டரி அட்டைப்பெட்டிகளை அடுக்கி, அதன்மேல் போனைச் சாய்த்து வைத்திருந்தோம். பின்னால் வெள்ளைப் படுக்கை விரிப்பு. ஜன்னல் வெளிச்சம் அவள் முகத்தில். பியானோ வாசிப்பு, என் கடையிலிருந்து கொண்டுவந்த சின்ன ஸ்பீக்கரில். மகனுடைய வசனத்தை நான் படிக்கவேண்டும், போனுக்குப் பக்கத்தில் நின்று, படத்தில் விழாமல்.

"நடிக்காதீங்க கோகோ. சும்மா படிங்க."

"சும்மாதான் படிக்கிறேன்."

"அழுற மாதிரி படிக்கிறீங்க. அப்புறம் நடக்காதீங்க. தரைப் பலகை கத்துது."

ஒரு இடத்தில் நிற்பது எனக்கு வராத வேலை. செருப்பைக் கழற்றிவிட்டு, இரண்டு பாதங்களையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்துக்கொண்டு நின்றேன். ரங்கூன் ஆங்கிலத்தில், "அம்மா, ரயில் வந்துவிட்டது" என்றேன். அவள் என்னைப் பார்த்தாள்.

பார்த்தது என் தங்கை இல்லை. அத்தனை வருடம் ஓரத்தில் நின்று அத்தனை பெண்களாகவும் ஆகத் தெரிந்தவள், இப்போது ஒரே ஒருத்தியாக, வெள்ளை விரிப்பின் முன்னால், என்னை ரயிலேற்ற வந்திருந்தாள். பாட ஆரம்பித்தாள். பெரிய குரல் இல்லை, உரத்த குரலும் இல்லை. சட்டைப் பையில் எதையோ திணித்து அனுப்புகிற குரல். பாட்டின் கடைசியில் ரயில் நகர்ந்து போகிறது, அவள் பேசாமல் நிற்கிறாள், பியானோவும் நிற்கிறது. அதன் பிறகு ஒரே ஒரு வரி: கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொள்.

அந்தப் பேசாமல் நிற்கிற இடத்தில் கரண்ட் வந்தது.

எங்கள் வீட்டில் யாரும் சுவிட்சை அணைப்பதில்லை, வந்தால் தெரியவேண்டும் இல்லையா. அவள் தலைக்கு மேல் பல்பு குப்பென்று எரிந்தது. "மீ லா பீ!" மாடிப்படியிலிருந்து ஆன்ட்டி, கீழிருந்து பாய், போன் கடை, துணிக்கடை, எதிர் பால்கனி, அடக்கிவைத்த மூச்சையெல்லாம் சேர்த்துத் தெருவே கத்தியது. நானும் கத்தினேன். கத்தி முடித்த பிறகுதான் என் வாய் என்று தெரிந்தது.

அவள் நிற்கவில்லை. மெதுவாகத் தலையைத் தூக்கி வெளிச்சத்தைப் பார்த்தாள். எட்டு வயதில் இதே வீட்டில் இதே சத்தத்துக்குக் குதித்த குழந்தையின் சிரிப்பு முகத்தில் வந்து, வந்த இடத்திலேயே, மகனை அனுப்பிவிட்ட அம்மாவின் சிரிப்பாக மாறியது. ரயில் போன பக்கம் திரும்பினாள். கடைசி வரியைப் பாடினாள். பாடி முடித்ததும் முதல் மோட்டார் அலற ஆரம்பித்தது.

நான் தலையில் கைவைத்து உட்கார்ந்தேன்.

"கோகோ, நீங்களுமா?"

"வாய் தானா போயிருச்சு."

ஆன்ட்டி படியிறங்கி வந்து கையைப் பிசைந்துகொண்டு நின்றார். மோட்டார்களை நிறுத்தச் சொல்லி இன்னொரு முறை எடுக்கலாமா என்று பாய் ஆளனுப்பிக் கேட்டார். அவள்தான் வேண்டாம் என்றாள். "திரும்ப எப்ப போகும்னு யாருக்குத் தெரியும்? தண்ணி பிடிக்கட்டும்."

எடுத்ததை இரண்டு முறை போட்டுப் பார்த்தாள். "இதையே அனுப்புறேன்."

"கத்துறது கேக்குதே."

"கேக்கட்டும். நான் நிக்கல, பாத்தீங்களா?" என்றாள். பிறகு, "இன்வெர்ட்டர்னா அணையக் கூடாதுல்ல" என்று தன் எட்டு வயதுத் தமிழில் சொல்லிவிட்டு, இன்டர்நெட் இருக்கும்போதே அனுப்பிவிட்டுக் குளிக்கப் போனாள்.

அடுத்த சில நாட்கள் நான் எதையும் உருப்படியாகச் செய்யவில்லை. எடுத்த பல்பை வேறு பெட்டியில் வைத்தேன். அவளோ நிம்மதியாக மீன்குழம்பு ஊற்றிய மொஹிங்கா சாப்பிட்டாள், துணிக்கடையில் லொங்ஜி வாங்கினாள். ஒரு காலையில் அந்த நாடகத்தின் இயக்குநர் அம்மாள் வீடியோவில் கூப்பிட்டார். கடைசியில் அந்தக் கூட்டம் என்ன கத்தியது என்பதுதான் முதல் கேள்வி. கரண்ட் வந்தது, அதற்குக் கத்தினார்கள் என்று சொன்னாள். அப்படியானால் அந்தச் சிரிப்பு? அதுவும் கரண்ட்தான் என்றாள். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லை. இன்டர்நெட் போய்விட்டது என்று நினைத்து நான் கேபிளை ஆட்டினேன். போகவில்லை. அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். வேடம் அவளுக்குத்தான் என்று சொல்ல அவர்கள் இன்னும் சில நாள் எடுத்துக்கொண்டார்கள், ஆனால் எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது.

"நம்ம கத்துனதுக்குத்தான் குடுத்திருக்காங்க" என்று பாய் இன்றும் சொல்கிறார். நான் மறுப்பதில்லை. அவருக்கு, ஆன்ட்டிக்கு, போன் கடைக்கு, பொரிவதை நிறுத்திய அந்த எண்ணெய்ச் சட்டிக்கு, எங்கோ ஒரு மூலையில் அந்த விநாடி பார்த்து எங்கள் பக்கத்து லைனைத் திறந்துவிட்ட முகம் தெரியாத ஊழியருக்கு, எல்லோருக்கும் சேர்த்து என்னிடம் ஒரு வணக்கம் இருக்கிறது. கடை திறக்கும்போது தினமும் அதை வெளியே பார்த்துப் போட்டுவிட்டுத்தான் உட்காருகிறேன். யாருக்குப் போடுகிறேன் என்று தெருவில் யாருக்கும் தெரியாது.

நாடகம் தொடங்கிய அன்று அவர்களுக்கு மாலை, எங்களுக்குக் காலை. இங்கே கரண்ட் இல்லை. போனில் ஒரு படம் வந்தது: பழுப்பு நிறக் கோட்டின் கழுத்து, உள்பக்கம் தைத்த வெள்ளைத் துணி, ஒரே ஒரு பெயர். பின்னாலேயே அவள் குரல். டீக்கடையில் வைத்துப் போட்டேன், எல்லோரும் குனிந்து கேட்டார்கள். "கோகோ, இங்க இன்னும் இருட்டா இருக்கு. இன்னும் கொஞ்ச நேரத்துல மேடையில லைட் போடுவாங்க. அங்க கரண்ட் இருக்கா?"

"இல்லன்னு சொல்லவா பாய்?"

பாய் டீ ஆற்றுவதை நிறுத்தினார். "இங்க வரலைன்னா என்ன? அங்க வருதுல்ல? கத்து தம்பி."

கத்தினோம். ஓடிக்கொண்டிருந்த ஜெனரேட்டர்களையும் மீறி, இருட்டுக் கடைக்குள்ளிருந்து, "மீ லா பீ!" எதிர்ப் பால்கனியிலும் யாரோ சேர்ந்து கத்தினார்கள். மேல்மாடி ஆன்ட்டி, குளித்த தலையோடு, மோட்டார் போட ஓடிவந்து சுவிட்சைத் தட்டினார். இன்னொரு முறை தட்டினார். பிறகு வெளியே வந்து, எங்கள் எல்லோரையும், எங்கள் அம்மாக்களையும் சேர்த்து, அழகான பர்மியத்தில் திட்ட ஆரம்பித்தார்.