சின்யோரா எழுதி முடிக்காத ஆயர்

இத்தாலியில், பலெர்மோ நகரத்து லிபெர்த்தா வீதியில் நான் வேலை செய்த வீட்டுச் சின்யோராவுக்கு எண்பத்தொரு வயது. பள்ளிக்கூடத்தில் சரித்திரம் படிப்பித்தவ. ஓய்வு பெற்ற பிறகு, எண்ணூறு வருஷத்துக்கு முந்தி அதே நகரத்தில் இருந்த ஓர் ஆயரைப் பற்றிப் புத்தகம் எழுதத் தொடங்கியிருந்தா. கண் மங்கியதும் அது நின்றுபோனது. சமைக்கவும் குளிப்பாட்டவும் என்றுதான் என்னைக் கூப்பிட்டார்கள். மூன்றாம் மாதமே கொப்பியும் பேனையும் என் கைக்கு வந்துவிட்டன. அவ சொல்லச் சொல்ல நான் இத்தாலியனில் எழுதுவேன்.

அந்த ஆயர் இந்த ஊர்க்காரர் இல்லை. எங்கோ வடக்கேயிருந்து அரசனின் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுக்க வந்தவர். பிறகு ஆயரானார். அரண்மனையில் அவர் வைத்ததுதான் சட்டம் என்று ஆனது. பழைய கோயிலை இடித்துவிட்டுப் பெரிய பேராலயம் கட்டினார். ஞாயிற்றுக்கிழமைகளில் அதன் முற்றத்தில்தான் எங்கள் தமிழ் ஆட்கள் நின்று கதைப்பது. அதை ஒரு மனிதர் பிடிவாதமாக நின்று கட்டுவித்தார் என்று அதுவரை எனக்குத் தெரியாது.

சின்யோராவுக்கு அவரைப் பிடிக்காது. "கல்லறைகளைக் கிளப்பிவிட்டு அத்திவாரம் போட்ட கடும் மனுசன். அப்பிடியே எழுது."

மன்னாரில் ஆயரின் மோதிரத்தை முழந்தாளிட்டு முத்தமிட்டு வளர்ந்தவள் நான். "ஆயரைப் பற்றி இப்பிடி எழுதலாமோ, சின்யோரா?"

"அவர் செத்து எண்ணூறு வருஷம். கோவிக்கமாட்டார்."

அந்த மாரியில் என் பெர்மெஸ்ஸோ, இங்கே தங்குவதற்கான அனுமதி, முடிந்துவிட்டது. புதியதற்குக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தேன். இந்த நேரம் நாட்டுக்குப் போனால் திரும்பி வருவது கஷ்டம் என்று எல்லாரும் சொன்னார்கள். ஒரு நாள் பின்னேரம் எழுதிக்கொண்டிருக்கையில் தங்கச்சியின் போன் வந்தது.

"அக்கா, அம்மா மோசம் போயிட்டா."

நாளைக்கே அடக்கம் என்றாள். நான் ஓம் என்று மட்டும் சொன்னேன். திரும்பவும் பேனையை எடுத்தேன். 

"ஆர் கதைச்சது?" என்று சின்யோரா கேட்டா. சொன்னேன். கொப்பியை மூடச் சொன்னா. 

"அந்த ஆயரும் தன்ர ஊருக்குத் திரும்பிப் போனதா ஒரு கடதாசியிலும் இல்லை," என்றா பிறகு. "அவருக்குத் தாய் இருந்தாவோ, எப்ப செத்தாவோ, ஒண்டும் தெரியாது. வருஷக்கணக்கா நானும் தேடினன்." கொஞ்சம் பொறுத்து, "நீ எழுது. தாய் செத்த செய்தி அவருக்கு எப்பிடி வந்திருக்கும் எண்டு," என்றா.

"அது பொய்யெல்லோ, சின்யோரா?"

"பொய்தான். எழுது."

எனக்கு இத்தாலியன் வரவில்லை. தமிழில் ஒரு பக்கம் எழுதினேன். வாசிக்கச் சொன்னா. ஒரு சொல்லும் விளங்காமல், தலையைக் குனிந்தபடி கடைசிவரை கேட்டா. அந்தப் பக்கத்தை ஆயருடைய கொப்பிக்குள்ளேயே வைக்கச் சொன்னா. ஆனால் 'கடும் மனுசன்' என்பதை மட்டும் வெட்டச் சொல்லவில்லை.

அடுத்த வருஷம் சின்யோரா போய்விட்டா. மிலானோவிலிருந்து வந்த மகன் நான்கு நாளில் வீட்டை ஒதுக்கினார். ஆயரைப் பற்றி எழுதிய பதினொரு கொப்பிகளையும் ஒரு பெட்டியில் போட்டுவிட்டு, "உனக்கு இதிலே ஏதும் வேணுமா?" என்று கேட்டார். நல்ல மாதிரித்தான் கேட்டார். வேணும் என்று வாய் வரை வந்தது. வேலைக்காரி வீட்டுச் சாமானில் கை வைத்தாள் என்று பிறகு ஒரு பேச்சு வந்தால்? அந்தப் பயத்தில் வேண்டாம் என்றேன்.

பெட்டியைக் கீழே கடதாசித் தொட்டிக்குப் பக்கத்தில் வைத்தார். நான் அறை எடுத்திருந்த சீசாப் பகுதிக்குப் பஸ்ஸில் போய், அறைக்குள் இருக்க முடியாமல் பெட்டியை எடுக்கத் திரும்பி வந்தேன். குப்பை லொறி வந்து அள்ளிக்கொண்டு போயிருந்தது.

தங்கச்சிக்குப் போன் எடுத்து எல்லாவற்றையும் சொன்னேன்.

"அந்தப் பக்கத்தில அம்மாவைப் பற்றி என்ன எழுதினனீங்கள் அக்கா?" என்று கேட்டாள்.

யோசித்துப் பார்த்தேன். ஒரு வரிகூட ஞாபகம் வரவில்லை.