வாசல்படியில் ஒரு பள்ளம்

நான் இருபத்திரண்டு வருஷம் குமாஸ்தாவாக இருந்த பாசன ஆபீஸ், வெள்ளைக்காரன் காலத்துக் கல் பங்களா ஒன்றில்தான் நடந்தது. இப்போது அதைப் புதுப்பித்து மியூசியம் ஆக்கியிருக்கிறார்கள். போன மாதம் பார்க்கப் போனேன். வாசல்படியில் இருந்த பள்ளத்தைச் சுற்றிக் கயிறு கட்டி, பக்கத்தில் ஒரு போர்டு வைத்திருந்தார்கள்: 'ஆங்கிலேயச் சிப்பாய்கள் வாள் தீட்டிய கல்.'

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மேட்டூர் அணை திறப்பதற்கு முன்னால் வாய்க்காலில் மண்டிக் கிடக்கும் கோரையை அறுக்க எங்கள் ஆபீஸின் வாய்க்கால் ஆட்களான லஸ்கர்கள் கிளம்புவார்கள். அவர்கள் வருஷா வருஷம் அரிவாள் தீட்டித் தீட்டி விழுந்த பள்ளம் அது. அந்தச் சத்தத்தில் ஒரு ஃபைலை ஒழுங்காகப் படிக்க முடியாது.

சுற்றிக் காட்டுகிற பெண்ணிடம் சொன்னேன்.

"அப்படிங்களா சார்? ஆதாரம் ஏதாவது வச்சிருக்கீங்களா?"

"இந்த போர்டுக்கு என்னம்மா ஆதாரம்?"

"அதான் போர்டே இருக்கே சார்."

உள்ளே போனேன். பங்களாவின் வரலாற்றைச் சுவர் நிறைய எழுதியிருந்தார்கள். எங்கள் காலம் எங்கே என்று விரல் வைத்துத் தேடினேன். "தொடாதீங்க சார்" என்றாள் பின்னாலிருந்து. கடைசி வரியில் இருந்தோம்: 'சுதந்திரத்துக்குப் பின் இக்கட்டடம் பல்லாண்டுகள் பயன்பாடின்றிக் கிடந்தது.'