ஈரக்கரையை வரைந்தவள்

மந்தாரம் என்ற நாட்டுக்கு முதன்முதலில் வரைபடம் போட்டவள் சங்கமித்ரா. அப்படி ஒரு நாடு பூமியில் இல்லை. மல்லேஸ்வரத்தில் சேஷகிரி மாமா வீட்டு மாடியில், ஞாயிறுதோறும் மூன்று மணிக்கு ஒரு சாப்பாட்டு மேஜையைச் சுற்றி அது உண்டாகும். ஏழு மணிக்குக் கலைந்துவிடும். மாமா கதை சொல்வார். நாங்கள் ஐந்து பேரும் ஆளுக்கொரு பாத்திரமாகி, அந்தக் கதைக்குள் என்ன செய்கிறோம் என்று சொல்வோம். சந்தேகம் வந்தால் இருபது முகப் பகடை தீர்ப்பு சொல்லும். பதினோரு வருடமாக எங்களுக்குக் கோயில், சினிமா எல்லாம் இதுதான்.

மாமாவின் சட்டம் ஒன்றே ஒன்று. மேஜையில் நடந்து, குறிப்பேட்டில் ஏறிவிட்டால் அது நடந்ததுதான். அவரே நினைத்தாலும் மாற்ற முடியாது. குறிப்பேடு எழுதுகிற சுப்ரியா நான்தான்.

சங்கமித்ரா இரண்டு வருடத்துக்கு முன்புதான் வந்து சேர்ந்தாள். ஊரின் மறுபக்கம் இருக்கிற ஜீவனஹள்ளிக்காரி. இரண்டு பஸ் மாறி வருவாள். வேலை ஒரு கம்பெனியில், செயற்கைக்கோள் படங்களைப் பார்த்து வரைபடத்தில் சாலைகளுக்குக் கோடு இழுப்பது. "நாள் பூரா இழுக்கறேன், என் பேரு எங்கயும் வராது" என்பாள். வந்த முதல் நாளே கேட்டாள், "இதுக்கு மேப் இல்லியா சார்?"

"மேப் போட்டா மர்மம் போயிடும்மா" என்றார் மாமா.

அவள் விடுகிற ஆளா? என்னிடமிருந்த பதினான்கு குறிப்பேடுகளையும் வாங்கிக்கொண்டு போனாள். குதிரை ஒரு நாளில் எவ்வளவு தூரம் போகும், எந்தக் கோபுரத்தில் நின்றால் எந்த மலை தெரியும் என்று பார்த்துப் பார்த்து, எட்டு மாதத்தில் மந்தாரத்தை ஒரு தாளில் இறக்கிவிட்டாள். மாமாவுக்குக் கண் கலங்கிவிட்டது. புத்தகமாகப் போடலாம், அட்டையில் அவள் பெயரும் வரும் என்றார். அவள் அம்மா முத்தம்மா அதைத் தெரு முழுக்கச் சொல்லியாயிற்று.

அச்சுக்குப் போக ஒரு வாரம் இருக்கும்போது கடைசிப் படம் வந்தது. அதில் புதிதாக ஒன்று இருந்தது. தலைநகரான வெண்கோட்டைக்கு வெளியே, ஏரிக்கரைக்கு அடியில், நெருக்கி நெருக்கிச் சின்ன வீடுகள். பக்கத்தில் 'ஈரக்கரை' என்று எழுதியிருந்தாள்.

"இது என்ன புதுசா?" என்றார் மாமா.

"புதுசில்ல சார். அரண்மனைக்கு தினம் காலைல விளக்குக்காரங்க, துணி துவைக்கிறவங்க வர்றாங்க. சாயந்திரம் போயிடறாங்க. எங்க போறாங்கன்னு யாரும் கேட்டதில்ல. ஆனா நீங்க சொன்ன கதைல நாப்பத்தோரு தடவ அவங்க காலு ஈரமா இருக்கு. பளிங்குத் தரைல தடம் பதியுது. மழை இல்லாத நாள்லயும். அப்ப ஏரிக்குக் கீழதான குடியிருக்கணும்?"

நாற்பத்தொரு தடவையும் எழுதியது என் கை. ஒரு தடவைகூட எனக்கு உறைக்கவில்லை. வெட்கமாக இருந்தது. உண்மையைச் சொன்னால், அவள்மேல் எரிச்சலும் வந்தது.

அந்த வாரம் எங்கள் வாட்ஸப் குழு பற்றி எரிந்தது. விளையாட்டில் அரசியலை நுழைக்கிறாள் என்று குதித்தான் மாமாவின் தம்பி மகன் அச்யுத். மாமா கறாராக எழுதிவிட்டார். மந்தாரத்தில் ஏழை கிடையாது. ஞாயிற்றுக்கிழமைக்குள் ஈரக்கரையை அழிக்க வேண்டும். இல்லாவிட்டால் படமும் வேண்டாம், அவளும் வரவேண்டாம். அந்தச் செய்திக்குக் கீழே நானும் ஒரு கட்டைவிரலைப் போட்டேன். இதை மறைத்துவிட்டு அவள் கதையைச் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை.

ஞாயிற்றுக்கிழமை அவள் வந்தாள். படத்தை மேஜையில் விரித்தாள். ஈரக்கரையை அழிக்கவில்லை. வெளியே மழை பிடித்துக்கொண்டிருந்தது.

"ஆடியே தீத்துக்கலாம் சார்" என்று நாற்காலியை இழுத்துப் போட்டாள். "சாயந்திரம். விளக்குக்காரி பின்னாடியே போறேன். அவ எங்க போறா?"

"கூட்டத்துல மறஞ்சுட்டா."

"உத்துப் பாக்கறேன்." பகடையை உருட்டினாள். பத்தொன்பது. அவ்வளவு விழுந்தால் மாமாவால் மறைக்க முடியாது.

அவர் காது சிவந்தது. "கோட்டை வாசலைத் தாண்டறா."

"நானும் தாண்டறேன்."

"ஏரிக்கரைல இறங்கறா."

சொன்ன பிறகுதான் மாமாவுக்கு உறைத்திருக்க வேண்டும். விருட்டென்று எழுந்தார்.

"சரி! பேய் மழை. ஏரி உடைஞ்சுடுத்து. உன் ஈரக்கரை மொத்தமும் அடிச்சுண்டு போயிடுத்து. ஒரு வீடு பாக்கி இல்லை. இப்ப அழி!"

அழிக்கிற ஆத்திரத்தில், அப்படி ஓர் இடம் இருந்தது என்று அவர் வாயாலேயே சொல்லிவிட்டார். நான் பேனாவை எடுத்தேன்.

"சுப்ரியா, அதை எழுதாதே" என்றார். பதினோரு வருடத்தில் அவர் அப்படிச் சொன்னதே இல்லை.

அந்த நேரம் பார்த்து சங்கமித்ராவின் போன் அடித்தது.

"சொல்லும்மா. வந்துடுச்சா? எவ்ளோ, முட்டி வரைக்குமா? ஃப்ரிட்ஜு செங்கல் மேலதான இருக்கு? மொதல்ல மெயின ஆஃப் பண்ணு. கட்டில் மேல ஏறி உக்காரு, இதோ வந்துட்டே இருக்கேன்."

பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள். படம் மேஜையிலேயே கிடந்தது.

"அழிச்சிடறேன் சார். அதுக்கு முன்ன ஒண்ணே ஒண்ணு. எத்தன பேரு செத்தாங்க? நீங்களே உருட்டுங்க. விழற நம்பர சுப்ரியா எழுதட்டும்."

மாமா பகடையை எடுத்தார். உள்ளங்கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். மாமா பகடையை உருட்டாமல் மேஜைமேல் வைத்தார்.

"யாரும் சாகலை."

"அப்ப எங்க இருக்காங்க?"

அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "அங்கேயேதான் இருக்கா. எல்லாரும்."

அவர் சொன்ன எல்லாவற்றையும், உடைந்த ஏரியிலிருந்து, ஒரு சொல் விடாமல் எழுதினேன். யாரும் தடுக்கவில்லை. எழுதி முடிப்பதற்குள் அவள் படியிறங்கி, மழையில் ஆட்டோவைக் கைகாட்டி ஓடிக்கொண்டிருந்தாள்.

புத்தகம் போன மாதம் வந்தது. அட்டையில் அவள் பெயர், உள்ளே ஈரக்கரை. முத்தம்மா அதை ஃப்ரிட்ஜின் மேல் வைத்திருக்கிறார். அந்த வீட்டில் தண்ணீர் ஏறாத இடம் அது ஒன்றுதான்.