பிள்ளைகள் எத்தனை என்று கேட்டார்கள்

2003 அக்டோபர் 29, புதன்கிழமை. காலை நான்கே முக்காலுக்கு எழுந்தேன். தூறல். எதிரே இருக்கும் பஸ் நிறுத்தம் தெரியாத அளவுக்குப் பனிமூட்டம். ஐந்து மணிக்கு அடுப்பைப் பற்றவைத்தேன். ஊறவைத்திருந்த சாமையரிசியையும் மிளகாயையும் என் மனைவி கிரைண்டரில் போட்டாள். நான் மரவள்ளிக் கிழங்கைத் தோல் சீவித் துருவினேன், பன்னிரண்டு கிலோ. ஏழரைக்கு முதல் அடை கல்லில் விழுந்தது. ஒன்பது மணிக்கு மூட்டம் விலகியது. இவ்வளவும் அன்றைய டைரியில் இருக்கிறது. பதினொன்றரை மணிக்குப் பிறகு நடந்தது அதில் இல்லை. அன்று எழுத முடியவில்லை. இப்போது எழுதுகிறேன்.

எங்களுடையது கொல்லிமலையில் பஸ் நிற்கும் இடத்துக்கு எதிரே நான்கு பெஞ்சு போட்ட கடை. அதற்கு முன்பு நான் சேந்தமங்கலத்துக்குப் பக்கத்தில் ஒரு ஜவ்வரிசி ஆலையில் எடை எழுதிக்கொண்டிருந்தேன். கிழங்கு லாரி உள்ளே வந்த நேரம், லோடோடு எடை, காலி லாரியின் எடை, வெளியே போன நேரம். பதினாறு வருஷம் அதுதான் வேலை. 1997இல் ஆலையை மூடினார்கள். மனைவியையும் பையனையும் கூட்டிக்கொண்டு மலைக்கு வந்து கடை போட்டேன். டீயும் இட்லியும்தான் முதலில். கிழங்கு அடையை மனைவி இங்கே வந்த பிறகு தானே போட்டுப் பார்த்துக் கண்டுபிடித்தாள். மாவில் சின்ன வெங்காயமும் இடித்த மிளகும் சேர்த்து, வாழையிலையில் தட்டி, இலையோடு கல்லில் கவிழ்த்து, பிறகு இலையை உரித்து எடுப்பாள். அவளுக்கு இடது கைப் பழக்கம். அடையை இடது கையால்தான் திருப்புவாள்.

பையன் எங்களுக்கு ஒருவன். பிளஸ் டூ படித்துக்கொண்டிருந்தான். 1999 ஜனவரிக் கடைசியிலிருந்து பள்ளிக்கூடம் விட்டு நேரத்துக்கு வீடு வராமல் இருந்தான். நான் சத்தம் போடுகிற ஆள் இல்லை. டைரியில் எழுதினேன். "6.40க்கு வந்தான். கேட்டதற்குப் பதில் இல்லை." "7.05க்கு வந்தான்." பத்துப் பன்னிரண்டு நாள் இப்படி எழுதியிருப்பேன். ஒரு நாள் அதை அவன் எடுத்துப் படித்துவிட்டான்.

"ஏம்ப்பா, நான் என்ன கெழங்கு லோடா? வந்த நேரம், போன நேரம் எழுதி வெக்கறதுக்கு?"

அதற்கு நான் சொன்ன பதில் இதுதான்: "பரீட்சைக்கு இன்னும் இருபத்தொரு நாள்தான் இருக்குது."

மறுநாள் பிப்ரவரி 11, வியாழக்கிழமை, பள்ளிக்கூடப் பையோடு முதல் பஸ் ஏறினான். பள்ளிக்கூடம் போகவில்லை. நான் அவனைக் கடைசியாகப் பார்த்தது அன்றுதான். இதை எழுதும் இன்றைக்கும் அதுவே கடைசி.

தேடாத இடம் இல்லை. நாமக்கல், சேலம், ஈரோடு பஸ் நிலையங்களில் போட்டோவைக் காட்டிக் கேட்டோம். ஒன்றே கால் வருஷம் கழித்து ஒரு கார்டு வந்தது. "நல்லா இருக்கேன். தேட வேண்டாம். அம்மாவை அழ வேண்டாம்னு சொல்லுங்க." தபால் முத்திரையில் மை கலைந்திருந்தது. பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தும் ஊர் பெயர் தெரியவில்லை.

எங்கள் பக்கத்தில் முன்பின் தெரியாதவர்கள் சாப்பிட உட்கார்ந்தாலும் முதலில் எந்த ஊர் என்பார்கள், அடுத்தது பிள்ளைகள் எத்தனை என்பார்கள். அது மரியாதை. கேட்காவிட்டால்தான் குறை. முதல் வருஷம் நான் "ஒரு பையனுங்க, வெளியூர்ல இருக்கான்" என்றே சொல்லிவந்தேன். "எந்த ஊருங்க?" என்பார்கள். "என்ன பண்றானுங்க?" என்பார்கள். அதற்கு மேல் என்னிடம் ஒன்றும் இருக்காது. பிறகு ஒரு நாள் "இல்லீங்க" என்று சொல்லிப் பார்த்தேன். கேட்டவர் ஒரு கணம் முகம் சுருங்கி, தட்டைப் பார்த்துச் சாப்பிட ஆரம்பித்துவிட்டார். பேச்சு அங்கேயே நின்றது. அதையே பழக்கமாக்கிக்கொண்டேன். மனைவி கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். அந்தச் சமயங்களில் கல்லைத் துடைக்கத் திரும்பிக்கொள்வாள்.

2003 ஜூன் மாதம் டிவிக்காரர்கள் வந்தார்கள். அருவியைப் படம் எடுக்க வந்தவர்கள் எங்கள் கடையில் சாப்பிட்டார்கள். ஊர் ஊராகச் சின்னக் கடைகளைக் காட்டுகிற நிகழ்ச்சி ஒன்று இருக்கிறது, அடுத்த வாரம் அதற்காகத் திரும்பி வருகிறோம் என்றார்கள். அன்றிலிருந்து மனைவிக்கு வேறு யோசனை இல்லை.

"ஏனுங்க, டிவின்னா எல்லா ஊர்லயும் தெரியுமுங்களா?"

"தமிழ் தெரிஞ்ச எல்லா ஊர்லயும் தெரியும்."

"அவன் பேரச் சொல்ல வேண்டாமுங்க. கூச்சப்படுவான். 'எங்க பையனுக்கு மிளகு தூக்கலாப் போட்டாத்தான் பிடிக்கும்'னு மட்டும் சொல்லிப்போடறேன். அவனுக்குப் புரிஞ்சுபோகும்."

அந்த ஒரு வரியை ஏழு நாள் சொல்லிச் சொல்லிப் பார்த்தாள். மாவு கரைக்கும்போது சொன்னாள். குடத்தைத் தூக்கி வரும்போது சொன்னாள். சொல்லும்போது சிரிக்க வேண்டுமா வேண்டாமா என்றுகூட என்னிடம் கேட்டாள்.

ஜூன் 17, செவ்வாய்க்கிழமை, பத்து மணிக்கு வேன் வந்தது. நிகழ்ச்சி நடத்தும் பெண்ணுக்கு இருபத்தைந்து வயதிருக்கும். அடையைப் பிட்டு வாயில் போட்டுக்கொண்டே காமிராவைப் பார்த்து, "ஓரம் மொறுமொறு, நடுவுல மெத்து. இத்தாலிக்காரங்க பார்த்தா அழுதுருவாங்க. இதுதாங்க நம்ம கொல்லிமலை பீட்சா!" என்றாள். சுற்றி நின்றவர்கள் கை தட்டினார்கள். பிறகு மைக்கை என் பக்கம் நீட்டினாள்.

"ஐயா, உங்களுக்குப் பசங்க எத்தனை பேரு?"

"இல்லீங்க," என்றேன்.

நான் யோசித்துச் சொல்லவில்லை. கேள்வி வந்தது, பதில் போய்விட்டது.

அந்தப் பெண் தலையை ஒரு பக்கம் சாய்த்து, "பிள்ளை இல்லாத குறையோ என்னவோ, வர்றவங்களையெல்லாம் சொந்தப் பிள்ளையா நினைச்சுப் பரிமாறுறாங்க" என்று காமிராவிடம் சொன்னாள். அப்புறம் மைக் என் மனைவியிடம் போனது. "அம்மா, நீங்க என்ன சொல்றீங்க?"

மனைவி வாயைத் திறந்தாள். என்னைப் பார்த்தாள். பிள்ளை இல்லை என்று சொன்ன ஆளின் பக்கத்தில் நின்றுகொண்டு எங்கள் பையன் என்று எப்படிச் சொல்வாள்? "எல்லாரும் வாங்க" என்றாள். அவ்வளவுதான்.

வேன் கிளம்பும்போது காமிராக்காரரின் கையைப் பிடித்து, அந்த ஒரு கேள்வியை மட்டும் எடுத்துவிடுங்கள் என்று கேட்டேன். "அதெல்லாம் எடிட்டிங்ல பார்த்துக்குவாங்க சார்" என்றார்.

எடுக்கவில்லை. ஜூலை 13, ஞாயிறு காலை, எலெக்ட்ரிக் கடைக்காரர் வீட்டில் உட்கார்ந்து பார்த்தோம். என்னுடைய "இல்லீங்க"வுக்குக் கீழே வயலின் வைத்திருந்தார்கள். மனைவியின் கை அடையைத் திருப்புவதை மூன்று தடவை காட்டினார்கள். திரும்பி நடந்து வரும்போது அவள்தான் எனக்குச் சமாதானம் சொன்னாள்.

"அவன் பாத்திருக்க மாட்டானுங்க. ஞாயித்துக்கெழம பத்து மணி வரைக்கும் தூங்கறவன்தானே."

அடுத்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து கூட்டம். சேலத்திலிருந்தும் கோயம்புத்தூரிலிருந்தும் கார் பிடித்து வந்து "பீட்சா இருக்குங்களா?" என்று கேட்டார்கள். மலையிலேயே எடப்புளி நாடு என்னும் பகுதியிலிருந்து எங்களுக்குக் கிழங்கு கொண்டுவரும் விவசாயி பெஞ்சில் இடமில்லாமல் மூட்டைமேல் உட்கார்ந்துகொண்டு, "ஏனுங்க பீட்சாக் கடைக்காரரே, கெழங்கு வெளைய வெச்சவனுக்கு ஒரு துண்டு கெடைக்குமுங்களா, இல்ல நானும் டிவில வரோணுமா?" என்பார். எல்லோரும் சிரிப்பார்கள். மனைவியும் சிரிப்பாள். ஆனால் ஒவ்வொரு பஸ் நிற்கும்போதும் கல்லை விட்டு நகர்ந்து வாசல் பக்கம் எட்டிப் பார்ப்பாள். கடைசி ஆள் இறங்கிய பிறகுதான் திரும்புவாள். அதில் இரண்டொரு அடை தினமும் தீய்ந்தது.

இனி அக்டோபர் 29. பதினொன்றரை மணிக்குத் திருப்பூர் வேன் ஒன்று வந்தது. தீபாவளி லீவில் சுற்ற வந்தவர்கள், ஐந்து ஆண்கள், எல்லோரும் ஒரே பனியன் கம்பெனி. அவர்களில் மூத்தவர், கட்டிங் மாஸ்டர், சாப்பிட்டுக்கொண்டே என்னிடம் பேசினார்.

"டிவில பாத்ததுக்கு நேர்ல இன்னும் ருசிங்க. எங்ககூட ரூம்ல இருந்த பையன் ஒருத்தன் சொன்னான், போனா மிளகு தூக்கலாக் கேளுங்கண்ணான்னு."

மற்றொருவர் சிரித்தார். "டிவில இந்தக் கடை வந்ததும் பாயில இருந்து குதிச்சுட்டானுங்க. 'அண்ணா, பாருங்க, அந்தம்மா எடது கையிலதான் திருப்பும்'ங்கறான். டிவில காட்டறதுக்கு முன்னாடியே சொல்றான்."

நான் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தேன். டம்ளர் நிரம்பி மேஜையில் வழிந்தது.

"அப்புறமுங்க?"

"அப்புறம் நீங்க பேசுனீங்க. எந்திரிச்சுப் போய் டிவிய அமத்திட்டானுங்க. நாங்கெல்லாம் கத்தறோம், போடுறா போடுறான்னு. சட்டையப் போட்டுட்டு வெளிய போயிட்டான்." கட்டிங் மாஸ்டர் என் முகத்தைப் பார்த்தார். "ஏனுங்க, உங்களுக்கு வேண்டிய பையனுங்களா?"

"எங்க பையனுங்க," என்றேன்.

ஐந்து பேரும் சாப்பிடுவதை நிறுத்தினார்கள். டிவியில் நான் சொன்னதை அவர்களும் கேட்டவர்கள். யாரும் அதைச் சொல்லிக் காட்டவில்லை. கட்டிங் மாஸ்டர் கையை உதறிக்கொண்டு, "ஆடி கடைசில வேலைய விட்டு நின்னுட்டானுங்க" என்றார். "பெங்களூர்னு ஒருத்தன் சொல்றான், சூரத்துனு ஒருத்தன் சொல்றான். வெலாசம் யார்கிட்டயும் குடுக்கலீங்க."

மனைவி அடுப்படியிலிருந்து வந்து என் பின்னால் நின்றிருந்தாள். எப்போது வந்தாள் என்று எனக்குத் தெரியாது. அவரைப் பார்த்து ஒன்றுதான் கேட்டாள்.

"ஒடம்பு எளச்சிருந்தானுங்களா?"

"இல்லீங்கம்மா. நல்லா மீசையெல்லாம் வெச்சு, ஜம்முனுதான் இருந்தான்."

"மீசை வெச்சுட்டானா," என்றாள்.

அவர்கள் போன பிறகு மனைவி கல்லுக்குப் போனாள். இருந்த மாவு முழுவதையும் சுட்டாள், வந்தவர்களுக்கெல்லாம் போட்டாள். நாலரை மணிக்குக் கடைப் பலகைகளை மாட்டிவிட்டு உள்ளே வந்தேன். டைரியைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவள் விளக்குமாறோடு கதவோரம் நின்றாள்.

"இன்னைக்கும் எழுதறீங்களா?"

"இல்ல."

"நாலு வருசமா நான் ஒரு நாள் கேட்டனா, ஏன் அப்படிச் சொல்றீங்கன்னு? கேட்டிருக்கோணும். தப்பு எம்பேர்லயும் இருக்குது."

அவள் என்னைத் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

மறுநாள் காலை நான் எழுந்தபோது மணி நான்கு இருபது. அவள் அதற்கு முன்பே குளித்துச் சேலை மாற்றியிருந்தாள். கிழங்கு மூட்டையை அவிழ்க்கவில்லை, அடுப்பைத் தொடவில்லை. இருவரும் கதவைப் பூட்டிக்கொண்டு எதிர்ப்பக்கம் போய் முதல் பஸ்ஸில் ஏறினோம். கண்டக்டர் தெரிந்தவர். "என்னுங்க, ரெண்டு பேரும் கெளம்பிட்டீங்க? கடை லீவுங்களா?" என்று கேட்டார்.

"ஆமாங்க," என்றாள் மனைவி. "திருப்பூர் போறமுங்க. எங்க பையன் வேலை செஞ்ச எடத்துக்கு."