மாமன் மகளும் ஆர்மீனிய இசையமைப்பாளரும்

உலக வரைபடத்தில் ஆர்மீனியாவை விரல் வைத்துக் காட்டச் சொன்னால் இன்றும் கொஞ்சம் தடுமாறுவேன். ஆனால் அந்த நாட்டு இசையமைப்பாளர் ஒருவருடைய வாழ்க்கை வரலாற்றைத் தமிழ் இணையக் கலைக்களஞ்சியத்தில் எழுதியவன் நான்தான். ஜமுனாமரத்தூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் கணக்கு வாத்தியார். ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்தில் மலையில் பெரிதாக வேலை இருக்காது. வீட்டுக்குப் பின்னால் தண்ணீர்த் தொட்டிமேல் ஏறி உட்கார்ந்தால் சிக்னல் கிடைக்கும். அப்படி ஒருநாள் அவருடைய மெட்டு ஒன்றைக் கேட்டுச் சொக்கிப்போய்த் தேடினேன். தமிழில் அவரைப் பற்றி இரண்டே வரி. எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது.

ஆங்கிலப் பக்கத்தைப் பார்த்து எழுத ஆரம்பித்தேன். சின்ன வயதில் அப்பா இறந்துவிட, தாய்மாமன் வீட்டில் வளர்ந்தாராம். அங்கே தங்கித்தான் இசை படித்தாராம். பிறகு கல்யாணமாம். யார் வீட்டுப் பெண் என்று மட்டும் போடவில்லை. இதையுமா சொல்ல வேண்டும்? அத்தனை வருஷம் மாமன் வீட்டுச் சோறு தின்ற பையனுக்கு வேறு எந்த வீட்டில் பெண் எடுப்பார்கள்? "தன்னை வளர்த்த மாமனின் மகளையே நன்றிக்கடனாக மணந்தார்" என்று எழுதிச் சேமித்துவிட்டு, இறங்கிப் போய்க் காபி குடித்தேன். அந்த வரி எனக்கே ரொம்பப் பிடித்திருந்தது.

மூன்று வாரம் கழித்து, கட்டுரையின் உரையாடல் பக்கத்தில் ஒரு செய்தி கிடந்தது. இசையமைப்பாளரின் பேத்தியாம். இயந்திரம் மொழிபெயர்த்த தமிழ் கல்லும் மண்ணுமாக இருந்தாலும் கோபம் மட்டும் சுத்தமாகப் புரிந்தது. அவர்கள் சமயத்தில் மாமன் மகளைக் கட்டுவது பெரும் பாவமாம். தாத்தா கட்டியது வேறு ஊர் மருத்துவரின் மகளையாம். "நீங்கள் என் தாத்தாவைப் பாவி ஆக்கினீர்கள், தயவுசெய்து நீக்கவும்."

தப்பு என்னுடையதுதான். ஆனால் வாத்தியாருக்குத் தப்பை உடனே ஒப்புக்கொண்டு பழக்கமில்லை. "ஆதாரம் தருக" என்று விறைப்பாகப் பதில் போட்டேன். மறுநாளே தேவாலயத்துத் திருமணப் பதிவைப் படம் எடுத்துப் போட்டுவிட்டார் அந்த அம்மாள்.

இதோடு முடிந்திருக்கும். சும்மா இருக்காமல் இதை என் மனைவிக்குப் படித்துக் காட்டினேன். அவள் என் தாய்மாமன் மகள். செங்கத்தில் அவர்கள் வீட்டில் தங்கித்தான் நான் கல்லூரி வரை படித்தேன். தொட்டிக்குக் கீழே உட்கார்ந்து புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தவள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

"அப்ப நம்ம ரெண்டு பேரையும் அந்த ஊர்ல சேத்துக்க மாட்டாங்களா? நீங்க இன்னாதான் எழுதினீங்க, காட்டுங்க."

காட்டினேன். சிரிப்பு நின்றது.

"நன்றிக்கடன்னு அவுங்க போட்டிருக்காங்களா?"

"இல்ல, நான்தான் போட்டேன்."

"அந்த ஆளு கட்டினது வேற வூட்டுப் பொண்ண. அப்ப இது யார் கதை, மாமா? எங்க வூட்டுல சாப்ட்டதுக்குத்தான் என்னைக் கட்டிக்கினீங்களா?"

கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷம். அன்றைக்கு எங்களை யாரும் கேட்கவில்லை, பெரியவர்கள் பேசிப் பந்தல் போட்டார்கள். பிடித்துத்தான் கட்டினேன் என்று நானும் ஒருநாள்கூட அவளிடம் சொன்னதில்லை. இப்போது சொன்னால் சமாளிப்பு என்பாள். சொல்லாவிட்டால் அந்த வரியே நிஜமாகிவிடும். உண்மையாகவே பயந்துபோனேன்.

வரியை நீக்கிவிட்டுப் பேத்தியிடம் மன்னிப்புக் கேட்டேன். பெருந்தன்மையாக நன்றி சொன்னார். வீட்டில்தான் வேலைக்கு ஆகவில்லை. மூன்று நாள் சாமைச் சோறும் ரசமும், என்ன கேட்டாலும் ஒரு "ம்".

நாலாம் நாள் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, சாமை புடைத்துக்கொண்டிருந்தவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

"திருப்பத்தூர்லேர்ந்து உன்னைப் பொண்ணு பாக்க வந்தாங்களே, ஞாபகம் இருக்குதா?"

"இருக்குது."

"அன்னிக்கு மூணு வேளையும் நான் சாப்டல."

"உங்களுக்கு ஜுரம்னாங்க. எங்கம்மா கஷாயம்கூட வச்சுக் குடுத்துச்சே."

"ஜுரமே இல்ல. கஷாயத்த மட்டும் வேற வழியில்லாம குடிச்சேன்."

அவள் கை அப்படியே நின்றது. என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"அன்னிக்கு நானும்தான் சாப்டல," என்றாள். "எனக்கு ஜுரமான்னு ஒருத்தரும் கேக்கல."